நாற்பது நிமிஷ மாஸ்க்

மார்ச் 3, ஞாயிறு

இன்று பதினோரு தலை கழுவினேன். பன்னிரண்டாவதாக வந்து தலை கழுவும் பேசினில் கழுத்தை வைத்தது என் அத்தை மகள்.

நான் பார்லரில் சேர்ந்து ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிறது. இத்தனை நாள் இந்தத் தெருப் பக்கமே வராதவள், இன்றைக்குச் சிரித்துக்கொண்டே வந்தாள். "ஜூன் இருபத்திரண்டு பட்டமளிப்பு விழாடி. அதுக்குள்ள முடியை ரெடி பண்ணணும். வாரா வாரம் ஹேர் மாஸ்க் போடலாம்னு இருக்கேன். நீயே போட்டு விடேன், வேற யார் கையும் வேண்டாம்."

பட்டமளிப்பு விழா. என்கிட்ட வந்து சொல்றா. வெட்கமே இல்ல.

எழுதி வைக்கிறேன், இல்லாவிட்டால் தலை வெடித்துவிடும். நாங்கள் இருவரும் காலேஜில் ஒரே வகுப்பு. படிப்பின் கடைசி வருஷம், நவம்பர் பரீட்சை. அவள் எனக்கு முன் மேசை. சூப்பர்வைசர் எங்கள் வரிசைக்குள் வந்ததும் காப்பியடிக்கக் கொண்டுவந்த பிட்டைக் காலால் பின்னுக்குத் தள்ளினாள். அது என் செருப்புக்கடியில் வந்து நின்றது. ஜெராக்ஸில் சுருக்கிய பிட்டு, கையெழுத்துக்கூட இல்லை. யார் காலடியில் கிடக்கிறதோ அவள்தான் குற்றவாளி. என்னை ஒரு வருஷம் பரீட்சை எழுதக் கூடாது என்றார்கள்.

வீட்டில் சொன்னேன். கத்திச் சொன்னேன். அப்பா அவளைக் கூப்பிட்டு விசாரித்தார். "நான் ஒண்ணும் பார்க்கல மாமா." நாலே வார்த்தை. கண்ணில் தண்ணீர் வேறு.

அன்றிலிருந்து பதினாறு மாதம். அப்பா என்னோடு பேசுவதில்லை. நான் பக்கத்தில் நின்றாலும் அம்மாவிடம்தான் சொல்வார்: "அவளை அந்த ஃபேனை நிறுத்தச் சொல்லு." அம்மா என் பக்கம் திரும்பி, "ஃபேனை நிறுத்து" என்பாள். அந்த ஒரு வருஷம் எப்போதோ முடிந்துவிட்டது. நான் திரும்பிப் போகவில்லை. யாருக்காகப் போக?

எனக்கு வேண்டியது ஒன்றுதான். அவள் அப்பா முன்னால் நின்று "அது என் பிட்டு மாமா" என்று சொல்ல வேண்டும். சொல்ல மாட்டாள்.

சரி. இடுப்பைத் தாண்டித் தொங்குகிறதே அந்த முடி, அதை நான் எடுத்துக்கொள்கிறேன்.

மார்ச் 5, செவ்வாய்

கடை லீவு. நாள் முழுக்க யோசித்தேன். கத்தரிக்கோல் வேண்டாம், மாட்டிக்கொள்வேன். மாஸ்க் போதும். அவளே வந்து படுத்து, கண்ணை மூடி, "இன்னும் கொஞ்சம் போடுடி" என்று கேட்டு வாங்கிக்கொள்ளப் போகிறாள். நினைக்கவே குளுகுளுவென்று இருக்கிறது.

மார்ச் 10, ஞாயிறு

ஆரம்பித்தாயிற்று.

கடையில் மூத்தவரை எல்லோரும் அக்கா என்றுதான் கூப்பிடுகிறோம். சேர்ந்த முதல் வாரம் மாஸ்க் விஷயத்தில் அவர் என்னைப் படுத்திய பாடு இன்னும் காதில் இருக்கிறது. "அழுக்குத் தலையில மாஸ்க் போட்டா அழுக்குக்குத்தான் ஊட்டம். முதல்ல ஷாம்பு. அப்புறம் டவலால ஒத்தி எடு, பிழியாதே, துணியா அது? சொட்டச் சொட்ட இருந்தா போட்டதெல்லாம் வழிஞ்சு பேசினுக்குப் போயிடும். நாலு பாகமாப் பிரி. காதுக்குக் கீழ ஆரம்பிச்சு நுனி வரைக்கும். மண்டையில பூசாதே, எண்ணெய் வழியும். பெரிய பல்லு சீப்பால ஒரு வாரு. மேல பிளாஸ்டிக் தொப்பி. பத்து நிமிஷம். வெதுவெதுப்பான தண்ணியில அலசு, கடைசியில பச்சைத் தண்ணி."

இரண்டு டப்பா உண்டு. நீல மூடி ஈரப்பதத்துக்கு, அதை வாரம் ஒருமுறை போடலாம். வெள்ளை மூடி புரதம். அடிபட்ட முடிக்குத்தான், அதுவும் மாதம் ஒருமுறை. அக்கா சொன்னது: "வெள்ளை மூடி சிமெண்ட் மாதிரி. விரிசலை அடைக்கும். ஆனா நல்ல சுவர் மேல வாரா வாரம் பூசினா என்ன ஆகும்? பாளம் பாளமா வெடிக்கும்."

அவள் முடிக்குத் தேவை நீல மூடி. நான் திறந்தது வெள்ளை மூடி. பத்து நிமிஷத்துக்கு பதில் நாற்பது. தொப்பியும் போடவில்லை. ஃபேனுக்கு நேரே உட்கார வைத்துக் காய விட்டேன்.

"ரொம்ப நேரம் ஆகுதே" என்றாள்.

"ஸ்பெஷல் ட்ரீட்மென்ட். சொந்தக்காரியாச்சே."

போகும்போது என் கன்னத்தைக் கிள்ளிவிட்டுப் போனாள். வீட்டுக்கு வந்து மூன்று தடவை முகம் கழுவினேன்.

ஒன்று மட்டும். ஒவ்வொரு வாடிக்கையாளருக்கும் ஒரு கார்டு உண்டு. என்ன போட்டோம், எத்தனை நிமிஷம், யார் போட்டது என்று எழுத வேண்டும். நீலம், பத்து என்று எழுதியிருக்கலாம். கை வரவில்லை. வெள்ளை, நாற்பது என்று எழுதிக் கையெழுத்தும் போட்டேன். பொய்க்காரி என்று பட்டம் வாங்கியவளுக்கு இந்த வீம்பு. எவள் எடுத்துப் படிக்கப் போகிறாள்?

மார்ச் 17, ஞாயிறு

வெள்ளை, நாற்பது. முடி மொடமொடவென்று புதுத்துணி மாதிரி நிற்கிறது. "நல்ல பலமாயிடுச்சுடி" என்று சந்தோஷப்படுகிறாள் பைத்தியம்.

மார்ச் 24, ஞாயிறு

இன்று ஒரு சின்ன டப்பாவில் வெள்ளை மூடி மாஸ்க்கைப் போட்டு அவளுக்குப் பரிசாகக் கொடுத்தேன். "குளிக்கும்போதெல்லாம் போடு. தடவிட்டு அப்படியே தூங்கு, காலையில அலசினாப் போதும்." இதை மட்டும் அக்கா கேட்டிருந்தால் சீப்பாலேயே அடித்திருப்பார்.

"நீ என் மேல கோபமா இருப்பேன்னு நினைச்சேன்" என்றாள் திடீரென்று.

"எதுக்கு?" என்றேன்.

ஒரு நிமிஷம் காத்திருந்தேன். இப்போது சொல்லியிருந்தால்? அந்த டப்பாவைப் பிடுங்கிக்கொண்டிருப்பேனா? தெரியவில்லை. அவள் டப்பாவைக் கைப்பையில் போட்டு ஜிப்பை இழுத்தாள்.

ஏப்ரல் 7, ஞாயிறு

ஈரமாக இருக்கும்போது ஒரு முடியை எடுத்து இரண்டு விரலுக்கு நடுவே மெல்ல இழுத்துப் பார்ப்போம். கொஞ்சம் நீண்டு, விட்டதும் சுருங்கினால் நல்ல முடி. சவ்வு மாதிரி நீண்டுகொண்டே போனால் புரதம் வேண்டும். நீளவே நீளாமல் அறுந்தால் புரதம் மிஞ்சிவிட்டது.

அவள் முடியை இழுத்தேன். பட்.

இன்னொன்று. பட்.

எவ்வளவு சின்னச் சத்தம். எனக்கு மட்டும் கேட்டது.

ஏப்ரல் 12, வெள்ளி

அத்தையும் அவளும் வீட்டுக்கு வந்தார்கள். அவள் தலையில் துப்பட்டா. எடுத்தபோது எனக்கே பக்கென்றது. காதுக்குப் பக்கத்தில் கையகலத்துக்கு முடி பாதியில் முறிந்து, பழைய துடைப்பம் மாதிரி நீட்டிக்கொண்டிருந்தது. நுனியெல்லாம் வைக்கோல்.

"என்னத்தையோ பண்ணியிருக்கா" என்று அத்தை அடித்துச் சொன்னாள். "ஸ்ட்ரெயிட்னிங்கோ, கலரிங்கோ. கேட்டா வாயே திறக்க மாட்டேங்கறா."

"நான் ஒண்ணுமே பண்ணலம்மா. சத்தியமா. ஏம்மா நம்ப மாட்டேங்கறே?"

"ஒண்ணும் பண்ணாம முடி தானா முறியுமா? யார்கிட்ட கதை விடறே?"

நான் சமையலறை வாசலில் நின்று தண்ணீர் குடித்தேன். மெதுவாக, ஒவ்வொரு வாயாக. இதைத்தானே கேட்டேன். நான் நின்ற அதே இடத்தில் நின்று, நான் சொன்னதையே சொல்கிறாள். ஒருத்தரும் நம்பவில்லை. அனுபவி.

அப்போது அப்பா வாயைத் திறந்தார். "விடு, அவ பொய் சொல்ற பொண்ணு இல்ல. பண்ணலைன்னா பண்ணலைதான்."

தண்ணி புரையேறிப்போச்சு எனக்கு.

ஒரு வார்த்தை. ஒரே ஒரு வார்த்தைல அவளை நம்பிட்டாரு. நான் ராத்திரி பகலா கத்தினேனே. என் தொண்டை கட்டிப் போச்சே. அப்போ எங்க போச்சு இந்த வாய்?

"அவளை மூச்சை விட்டுக் குடிக்கச் சொல்லு" என்றார் அம்மாவிடம்.

ஏப்ரல் 21, ஞாயிறு

அவள் வந்தாள். நான் டவல் எடுக்க உள்ளே போய்த் திரும்புவதற்குள் கார்டு பெட்டியிலிருந்து தன் கார்டை எடுத்துப் படித்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் இரண்டு மாஸ்க் டப்பாக்களும். வெள்ளை மூடியின் பின்னால் அச்சடித்திருக்கிறது: மாதம் ஒருமுறை, ஐந்து முதல் பத்து நிமிடம். படிக்கத் தெரிந்த பெண், பட்டம் வாங்கப் போகிறவள். நிமிர்ந்து என்னைப் பார்த்தாள்.

கத்துவாள் என்று நினைத்தேன். நான் தயார்தான். என் பங்குக்குக் கத்த பதினேழு மாதச் சரக்கு கைவசம் இருந்தது.

கார்டை நாலாகக் கிழித்துக் கைப்பையில் போட்டாள். "யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்" என்றாள். "நான் உனக்குப் பண்ணினதுக்கு நீ எனக்குப் பண்ணிட்டே. சரிக்குச் சரி. இனிமே நமக்குள்ள ஒண்ணும் இல்ல, என்னடி?"

அவள் முகத்தைப் பார்த்தேன். துடைத்து வைத்த மாதிரி இருந்தது. நிம்மதி.

ஏப்ரல் 22, திங்கள்

வேலையில் கையே ஓடவில்லை. ஒருத்தி தலையில் ஷாம்புவை இரண்டு தடவை போட்டேன், இன்னொருத்திக்குப் போடவே மறந்தேன்.

சரிக்குச் சரியாம். முடி ஆறு மாசத்துல வளரும்டி. என் அப்பா? என் வருஷம்? ஒரு கை முடியைக் கொடுத்துட்டு மொத்தத்தையும் முடிச்சுக்கப் பார்க்கறா. அதுக்குக் கத்தியை எடுத்துக் குடுத்தவ நானேதான். ஒன்றரை வருஷமா அவ உள்ள ஏதோ ஒரு முள்ளு குத்திக்கிட்டு இருந்திருக்கு. இல்லாட்டி எதுக்கு என்கிட்ட வந்து படுத்தா? அந்த முள்ளை நானே பிடுங்கி, மருந்தும் போட்டு அனுப்பியிருக்கேன். என்னை மாதிரி மடச்சி இந்த ஊர்ல உண்டா?

விட மாட்டேன். திரும்பக் குத்துறேன்.

அந்த முடியை ஒரு இழை பாக்கியில்லாமல் சரி பண்ணிக் கொடுக்கப் போகிறேன். சரிக்குச் சரி என்று சொல்ல அவளிடம் எதுவும் இருக்கக் கூடாது. பட்டு மாதிரி முடியோடு, எனக்குப் பண்ணியதோடு, மேடை ஏறட்டும்.

ஏப்ரல் 28, ஞாயிறு

வரமாட்டேன் என்றாள். "நீ வரலைன்னா நான் அத்தை வீட்டுக்கு வருவேன், டப்பாவோட" என்றேன் போனில். வந்தாள்.

அக்கா தற்செயலாக அந்தப் பக்கம் வந்து அவள் முடியைத் தொட்டார். நின்றுவிட்டார். ஒரு இழையை இழுத்தார். பட்.

"இது மாஸ்க் மிஞ்சிப்போன முடி. யார் போட்டது?"

"வீட்ல நானே..." என்று அவள் முந்திக்கொண்டாள். "தெரியாம தினமும் போட்டுட்டேன்."

என்னைக் காப்பாற்றுகிறாளாம். இன்னொரு நல்ல காரியம் பண்ணி இன்னும் லேசாகிவிடப் பார்க்கிறாள். அதற்கு மட்டும் விடக் கூடாது.

"நான்தான் போட்டேன் அக்கா. வெள்ளை மூடி, வாரா வாரம், நாற்பது நிமிஷம். தெரிஞ்சேதான்."

அக்கா என்னைப் பார்த்த பார்வையை எழுத வரவில்லை. "உங்க சண்டை எனக்கு வேண்டாம். என் கடைச் சேர்ல படுக்கிற தலை என் தலை. ஒரு மாசம் நீ டவல் மடி. யார் முடியையும் தொடக் கூடாது." கொஞ்ச தூரம் போய்த் திரும்பி வந்தார். "இவ முடியைத் தவிர. நீ கெடுத்ததை நீயே எடு. நான் பக்கத்துல நிப்பேன்."

முறிந்த நுனியை நாலு விரல் அளவுக்கு அக்காவே வெட்டினார். பிறகு நீல மூடி. ஒற்றி எடுத்து, நாலாகப் பிரித்து, காதுக்குக் கீழே. ஒரு பாகத்தைப் பிரிக்க மூன்று தடவை சீப்பு எடுத்தேன். கெடுக்கும்போது ஒரே தடவையில் பிரித்த கை.

மே 3, வெள்ளி

இருநூற்றுப் பத்து டவல்.

மே 5, ஞாயிறு

அவளுக்குப் பட்டியல் எழுதிக் கொடுத்தேன். வெள்ளை மாஸ்க் டப்பாவைக் குப்பையில் போடு. வாரம் இரண்டு தடவை தலைக்குக் குளி, அதற்கு மேல் வேண்டாம். ஈர முடியை வாராதே. டவலால் தேய்க்காதே, பழைய பனியன் துணியால் ஒற்று. டிரையரைத் தொட்டால் கையை உடைப்பேன்.

"ஏன்டி இதெல்லாம் பண்றே?"

"உன் முடி நல்லா ஆகணும்."

"அதான் ஏன்?"

"நீ என்கிட்ட சரிக்குச் சரின்னு சொன்னே இல்ல. அது இல்லைன்னு ஆகணும்."

தொப்பியைத் தானே காது வரைக்கும் இழுத்து விட்டுக்கொண்டாள். இன்று தொப்பிக்குள் இருந்த தலை கல் மாதிரி கனத்தது.

மே 19, ஞாயிறு

இழுத்தேன். நீண்டது. விட்டேன், திரும்பிப் போனது. அக்கா "ம்" என்றார். அந்த "ம்"முக்கு நான் ஒரு மாதம் டவல் மடிக்கலாம். மடித்துக்கொண்டும் இருக்கிறேன்.

மே 26, ஞாயிறு

அவள் வரவில்லை. போனை எடுக்கவில்லை. அத்தை வீட்டுக்குப் போய்விட்டேன். "தலைவலின்னு படுத்திருக்கா" என்றாள் அத்தை. "மாஸ்க் போட்டா தலைவலி போயிடும் அத்தை" என்றேன். போகாது. சும்மா சொன்னேன். அவர்கள் குளியலறையில் பிளாஸ்டிக் ஸ்டூலில் உட்கார வைத்து வாளித் தண்ணீரில் அலசினேன். அத்தை கதவோரம் நின்று கண் கலங்கினாள். "என் அண்ணன் பொண்ணு தங்கம். பட்டது போதாதுன்னு எவ்வளவு செய்யறா பாரு. தப்பு பண்ணினாலும் மனசு தங்கம்."

தப்பு பண்ணினாலும். நான் கண்ணாடியில் அவளைப் பார்த்தேன். அவள் தரையைப் பார்த்தாள்.

ஜூன் 9, ஞாயிறு

முறிந்த இடத்து முடி துடைப்பமாக நிற்காமல் படிகிறது. மற்றதெல்லாம் கையில் நிற்காமல் வழுக்கிக்கொண்டு போகிறது. என் வாழ்க்கையில் இவ்வளவு நன்றாக நான் எதையும் செய்ததில்லை. பக்கத்துச் சேர் பெண்மணி, "இந்தப் பொண்ணுக்குப் போட்டதையே எனக்கும் போடு" என்று கேட்டார். அக்கா என்னைக் கை காட்டினார். டவல் மடிப்புத் தண்டனை முடிந்தது.

மாஸ்க் ஊறும்போது அவள் கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்து காதுக்குள் போனது. துடைக்கவில்லை, என் கையெல்லாம் மாஸ்க்.

"போதும்டி" என்றாள். "இப்பவே அலசிடு. தாங்கல."

"இன்னும் நாலு நிமிஷம் இருக்கு."

நாலு நிமிஷம் முழுசாக உட்கார்ந்திருந்தேன்.

ஜூன் 16, ஞாயிறு

வரவில்லை. நான் தேடிப் போகவும் இல்லை. செய்ய வேண்டியது முடிந்துவிட்டது.

ஜூன் 20, வியாழன்

வேலை முடிந்து வீட்டுக்குள் நுழைந்தால் கூடத்தில் எல்லோரும். அத்தை நாற்காலி நுனியில். அம்மா சுவரோரம். அப்பா நடுவில், யூனிஃபார்ம்கூட மாற்றாமல், பஸ் டிப்போ வேலையிலிருந்து வந்த கோலத்தில். அவள் அவர் எதிரே நின்றிருந்தாள். முடியை ஒரே பின்னலாக இறுக்கிக் கட்டியிருந்தாள், யாரும் பார்த்துவிடக் கூடாது என்பது போல.

சொல்லி முடித்துவிட்டாளாம். நான் வந்ததும் அப்பா, "அவ முன்னாடி திரும்பச் சொல்லு" என்றார்.

"அது என் பிட்டு மாமா. நான்தான் காலால தள்ளினேன். இவ ஒண்ணும் பண்ணல."

இந்த வார்த்தைகளை எத்தனை விதமாகக் கேட்டிருப்பேன் மனசுக்குள். ஒவ்வொன்றிலும் நான் ஏதாவது நறுக்கென்று பதில் சொல்வேன். இன்று அதற்குள் அத்தை எழுந்து அவளை அறையப் போனாள். நான் நடுவில் போய் நின்றேன். ஏன் போனேன்? பாவம் பார்த்தா? இல்லை. பின்னலைப் பிடிக்கப் பார்த்தாள் அத்தை. ஒன்றரை மாச வேலை அது.

அப்பா குளிக்கப் போனார். குழாய் ரொம்ப நேரம் ஓடியது.

ஜூன் 22, சனி

விழா. அவள் போயிருக்கிறாள். அம்மா போனில் படம் காட்டினாள். கறுப்பு அங்கி, முடி தோளில் விரிந்து பளபளக்கிறது. பார்த்தேன். நுனி இன்னும் அரை விரல் வெட்டியிருக்கலாம்.

கொஞ்சம் கோபம் மிச்சம் இருக்கிறது. இருக்கட்டும்.

ஜூன் 25, செவ்வாய்

கடை லீவு. துணி உலர்த்திக்கொண்டிருந்தேன். அப்பா பின்கட்டுக்கு வந்தார். அம்மா வீட்டில் இல்லை. கொடிக்குப் பக்கத்தில் கொஞ்ச நேரம் நின்றார். ஒரு சட்டையை எடுத்து உதறித் தப்பாகக் காயப்போட்டார். நான் அதைச் சரி செய்யவில்லை.

"காலேஜ்ல போய்க் கேக்கலாம்னு இருக்கேன். திரும்ப எழுத விடுவாங்களான்னு. நீயும் வர்றியா?"

நேராக என்னிடம்.

மன்னிப்பு என்ற சொல் இல்லை. கத்தியிருக்கலாம். இப்பத்தான் கண்ணு தெரிஞ்சுதான்னு கேட்டிருக்கலாம். நாக்கு நுனி வரைக்கும் வந்தது.

"மத்த நாள் முடியாது. கடை இருக்கு. செவ்வாய்னா வரேன். ஆனா வேலையை விட மாட்டேன்."

"யாரு விடச் சொன்னா? செவ்வாய் எனக்குக் காலை ட்யூட்டி." யோசித்தார். "மாத்திக்கறேன்."

சட்டைப் பையிலிருந்து டிப்போ நோட்டை எடுத்துத் தேதி எழுதினார். அப்புறம் பேனாவை அப்படியே பிடித்துக்கொண்டு, "உன் ரோல் நம்பர் இருக்கா எங்கயாவது?" என்றார். "தேடிப் பாரு. பழைய ஹால் டிக்கெட்ல இருக்கும்."

தேடவில்லை. ஈரத் துணியைக் கையில் வைத்துக்கொண்டே சொன்னேன், எட்டு இலக்கம், ஒரு இடத்திலும் நிற்காமல்.